ஒன்பதாம் எண் வயிறு

அந்தத் தொலைக்காட்சி நிலையத்தில் பத்து வருஷமாக யார் கர்ப்பமானாலும் அதற்குப் பொறுப்பு அவள்தான்.

இரண்டாம் மாடியில், நகலெடுக்கும் இயந்திரத்துக்கும் கழிப்பறைக்கும் நடுவே, ஜன்னல் இல்லாத ஓர் அறையில் உட்கார்ந்து அவள் வயிறு தைத்தாள். நுரைப்பஞ்சை வட்ட வட்டமாக வெட்டி, அடுக்கி ஒட்டி, மேலே மெல்லிய பருத்தித் துணி போர்த்தி, தோளில் மாட்ட இரண்டு பட்டையும் முதுகில் நான்கு கொக்கியும் வைத்துவிட்டால் வயிறு தயார். சுவரில் மூன்று முதல் ஒன்பது வரை எண் போட்டு ஏழு வயிறுகள் வரிசையாகத் தொங்கின. மூன்றாம் மாதத்துக்கு முன்னால் வயிறு தேவைப்படாது; அதுவரைக்கும் வாந்தியை வைத்தே சமாளித்துவிடுவார்கள். காவலாளி முதல் கதாநாயகி வரை எல்லோரும் அவளை வயித்தக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். அவளும் அதைத் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. செய்கிற வேலையைச் சொல்லித்தானே கூப்பிடுகிறார்கள்.

அவள் சேர்ந்த காலத்தில் கர்ப்பம் என்பது உடைப் பிரிவின் ஒரு மூலையில் கிடந்த சின்ன விஷயம். பிறகு 'மடி நிறைந்த வீடு' என்ற தொடர் ஓகோவென்று ஓடியது. நிர்வாகம் விழித்துக்கொண்டு தாய்மைப் பிரிவு என்று தனியாகவே ஒன்றைத் தொடங்கியது. அதற்கு ஒரு தலைவர், ஐந்து பேர் கொண்ட தரக் குழு, கண்ணாடிக் கதவு போட்ட கூட்ட அறை, வாசலில் பெயர்ப்பலகை. குழுவில் ஐந்து பேரும் ஆண்கள். பெண்களைச் சேர்த்தால் சொந்த அனுபவத்தைக் கலந்து விஷயத்தைக் குழப்பிவிடுவார்கள் என்று தலைவர் முதல் கூட்டத்திலேயே விளக்கிவிட்டார்.

"எனக்கு ரெண்டு பிள்ளைங்க" என்றார் அவர் அந்தக் கூட்டத்தில். "பெரியவன் என்ன படிக்கிறான்னு என் உதவியாளரைக் கேட்டாத்தான் தெரியும். ஆனா தாய்மையப் பத்தி என்னைத் தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் ஒரு மணி நேரம் பேசுவேன். ஏன்னா அது என் ரத்தத்துல ஊறினது. எங்கம்மா மேல எனக்கு அவ்வளவு மரியாதை. அவங்களைத் தொந்தரவு செய்யக் கூடாதுன்னு அந்தப் பக்கமே போறதில்ல."

எல்லோரும் கைதட்டினார்கள். வயித்தக்காவும் தட்டினாள். கடைசி வாக்கியத்தில் எங்கோ இடிக்கிறதே என்று அவளுக்குத் தோன்றியது உண்மை. ஆனால் பக்கத்தில் இருந்தவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்ததால், தனக்குத்தான் விளங்கவில்லை போலிருக்கிறது என்று விட்டுவிட்டாள்.

அடுத்த மாதமே தாய்மைக் கையேடு வந்தது. மொத்தம் நாற்பத்தொரு விதிகள். கர்ப்பமாக இருப்பதைப் பெண் மயங்கி விழுந்துதான் தெரிந்துகொள்ள வேண்டும். தானாகவே பரிசோதனை செய்து பார்ப்பது குடும்பப் பாங்குக்குப் பொருந்தாது. மயங்கி விழுவதற்கு மாடிப்படி உகந்தது. செய்தி கேட்ட கணவன் மனைவியைத் தூக்கி ஒரு சுற்றுச் சுற்ற வேண்டும். குழந்தை இல்லாத பெண் காட்சிக்கு ஒரு முறையாவது ஜன்னல் வழியே வெளியே பார்க்க வேண்டும். இந்த ஒரு விதிக்காகவே படப்பிடிப்பு வீட்டில் புதிதாக நான்கு ஜன்னல் வைத்தார்கள். குழந்தை இல்லாத பெண் என்று பார்த்தால் வயித்தக்காவும் அதே வகைதான்; ஆனால் அவள் அறைக்கு ஒரு ஜன்னல் வைக்க வேண்டும் என்று எந்தக் குழுவுக்கும் தோன்றவில்லை.

கையேட்டோடு சேர்த்துத் தலைவர் அவளுடைய அறைக்கும் வந்தார். ஏழாம் எண்ணைக் கையில் எடுத்துத் தூக்கிப் பார்த்தவர் முகம் மாறியது.

"என்னம்மா இது, இந்தக் கனம் கனக்குது?"

"உள்ள ஒரு பை வச்சு மணல் போட்டிருக்கேன் சார். கனம் இருந்தாத்தான் நடை சரியா வரும். கை தானா இடுப்புக்குப் போகும். நிஜத்துல கனக்கும்ல சார்?"

"நிஜம் நமக்கெதுக்கும்மா? தாய்மை ஒரு சுமைன்னு நம்ம தொலைக்காட்சியே சொல்லலாமா? எடுத்துடு."

ஏழு வயிறுகளின் மணலும் வாசலில் இருந்த பூந்தொட்டிகளுக்குப் போயிற்று. பைகளை மட்டும் அவள் பிரிக்கவில்லை. தைத்ததைப் பிரிப்பது அவளுக்குப் பிடிக்காத வேலை.

பிறகுதான் வயிறு சுருங்கிய சம்பவம் நடந்தது. தொடரில் இரண்டு மருமகள்கள். சின்ன மருமகள் நல்லவள், ஆகையால் கர்ப்பமாக இருந்தாள். பெரிய மருமகள் கெட்டவள், ஆகையால் ஜன்னலோரம் நின்றாள். ஒரு நாள் சின்ன மருமகள் சமையலறையில் ஏழாம் மாத வயிற்றோடு மாமியாரிடம் திட்டு வாங்கிக்கொண்டு கூடத்துக்கு வந்தாள். கூடத்தில் அவளுக்கு நான்காம் மாத வயிறு. இரண்டு காட்சிகளையும் வேறு வேறு நாளில் எடுத்திருந்தார்கள். இரண்டாம் நாள் உதவி இயக்குநர் அவசரத்தில் ஆணியிலிருந்து வேறு வயிற்றை எடுத்துப் போய்விட்டார். யாரும் பார்க்காமல் அது ஒளிபரப்பும் ஆகிவிட்டது.

வேறு இடமாக இருந்தால் ஒரு வருத்தம் தெரிவித்துவிட்டு வேலையைப் பார்த்திருப்பார்கள். தரக் குழு மூன்று மணி நேரம் கூடிப் பேசி, மாமியார் சொன்ன சுடுசொல்லைத் தாங்க முடியாமல் உள்ளே இருந்த பிள்ளை சுருங்கிவிட்டது என்று முடிவு செய்தது. மறுவாரம் தொடரில் ஒரு மருத்துவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "தாய் அழுதா வயித்துப் பிள்ளை பாதியாயிடும்மா" என்றார். தெருத்தெருவாக இதே பேச்சு. ஒரு நிஜக் கர்ப்பிணி நிலையத்துக்குத் தொலைபேசியில் கூப்பிட்டு, தனக்கும் அப்படி ஆகுமா என்று கேட்டு அழுதாள். தொலைபேசி எடுத்த பெண் தாய்மைப் பிரிவைக் கேட்டுவிட்டு, "அழாதீங்க, அழுதா இன்னும் சுருங்கும்" என்று பதில் சொன்னாள். பார்வையாளர் எண்ணிக்கை எகிறியது. அது குறையும் என்று தோன்றும்போதெல்லாம் சின்ன மருமகளை அழவைத்து இரண்டு மாதம் பின்னுக்குத் தள்ளினார்கள். இந்தக் கணக்கில் அவளுக்கு இப்போது பதினாலாம் மாதம் நடந்துகொண்டிருந்தது.

இதற்கு நடுவில் ஒப்பனைக்காரிக்கு நிஜமாகவே ஐந்தாம் மாதம். அவள் மயங்கி விழவில்லை. கால் வலிக்கிறது என்று ஒரு நாற்காலி மட்டும்தான் கேட்டாள். அன்று சாயங்காலமே தலைவர் அவளுக்குப் பூங்கொத்துக் கொடுத்து விழா எடுத்தார்.

"ஒரு தாயை வேலை பார்க்க விடுறது பாவம்" என்று நாத்தழுதழுக்கச் சொன்னார். "அதனால இன்னியிலேர்ந்து உன்னை வேலையிலேர்ந்து விடுவிக்கிறோம். நாங்க உனக்குச் செய்யுற மரியாதை இதும்மா."

"பிரசவம் முடிஞ்சு வரலாமா சார்?" என்று கேட்டாள் ஒப்பனைக்காரி.

"குழந்தைய விட்டுட்டா? நீயெல்லாம் ஒரு தாயா?"

நான்கு மாதம் கழித்துப் பிள்ளை பிறந்திருக்கிறது என்று கேள்விப்பட்டு வயித்தக்கா அவள் வீட்டுக்குப் போய்ப் பார்த்தாள். குழந்தை சிவந்து, சுருங்கி, மூக்குச் சப்பையாக இருந்தது. தரக் குழுவிடம் காட்டியிருந்தால் முதல் பார்வையிலேயே நிராகரித்திருப்பார்கள்; அவர்கள் தொடரில் அப்போதுதான் பிறந்த குழந்தைக்கே ஆறு மாதமாவது நிறைந்திருக்க வேண்டும். வயித்தக்கா அதை அரை மணி நேரம் மடியில் வைத்திருந்தாள். அது அவள் விரலைப் பிடித்துக்கொண்டு தூங்கியது. அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. பிறகு தாயிடம் கொடுத்துவிட்டு, கைப்பையை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தாள். வழியில் எந்த ஏக்கமும் வரவில்லை. வரவேண்டுமே என்று பேருந்தில் ஜன்னலோரமாகக்கூட உட்கார்ந்து பார்த்தாள். காற்றுதான் வந்தது.

"வேணும்னா எப்ப வேணா வா அக்கா" என்று ஒப்பனைக்காரி வாசல் வரை வந்து சொல்லியிருந்தாள். அதை அவள் சும்மா சொல்லும் உபசாரமாக எடுத்துக்கொண்டாள்.

வயித்தக்காவின் கணவர் லிஃப்ட் பழுதுபார்ப்பவர். ஊரில் பாதிக் கட்டடங்கள் அவர் கையால்தான் ஏறி இறங்கின. இவர்கள் குடியிருந்த நான்காம் மாடி வீட்டின் லிஃப்ட் மட்டும் ஒன்பது மாதமாக நின்றே கிடந்தது. அது வேறு கம்பெனி பொறுப்பு. அதிகம் பேசாத மனிதர். எதை எழுதினாலும் லிஃப்ட் சோதனை அட்டையில் எழுதுவது போல மேலே தேதி, நேரம், பிறகு விஷயம், கடைசியில் 'சரிபார்க்கப்பட்டது' என்று ஒரு சொல், பக்கத்தில் ஒரு சரிக்குறி. மாதச் சாமான் பட்டியலுக்குக்கூட அப்படித்தான். அவள் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். அவரும் சேர்ந்து சிரிப்பார்.

கல்யாணமாகி இரண்டாம் வருஷம், ஒரு விடுமுறை நாளில், இருவரும் கூடத்துச் சுவருக்கு வண்ணம் அடித்துக்கொண்டிருந்தார்கள். சாமான்களையெல்லாம் உள்ளே தள்ளிவிட்டதால் கூடம் வெறுமையாக இருந்தது. பேசினால் எதிரொலித்தது. அவள் தூரிகையை வைத்துவிட்டுச் சொன்னாள்: "நாம ரெண்டு பேர் மட்டும்தான் இருக்கோம். ஆனா இந்த வீடு காலியா இருக்குன்னு எனக்கு ஒருநாளும் தோணினதில்ல."

அவர் கொஞ்ச நேரம் சுவரையே பார்த்துவிட்டு, "எனக்கும்தான்" என்றார்.

குழந்தை வேண்டாம் என்று அவர்கள் எடுத்த முடிவு அவ்வளவுதான். சபதமும் இல்லை, சண்டையும் இல்லை. உறவுக்காரர்கள் கேட்டால் "பாக்கலாம்" என்பார்கள். கேட்டவர்களுக்கும் அலுத்துப்போய்விட்டது. அவளுக்குத் தன் வாழ்க்கையில் யாரிடமும் சொல்லாமல் பத்திரமாக வைத்திருந்த ஒன்று உண்டென்றால் அது அந்த வாக்கியமும் அவர் சொன்ன பதிலும்தான். வேலையில் ஏச்சுப்பேச்சு வாங்கின நாட்களில் படியேறும்போது அதை நினைத்துக்கொள்வாள். நான்கு மாடியும் தெரியாது.

எட்டு வருஷம் கழித்து அந்த வாக்கியத்தை அவள் பெரிய மருமகளின் வாயிலிருந்து கேட்டாள்.

அன்று ஒரு கொக்கி அறுந்துவிட்டது என்று படப்பிடிப்புத் தளத்துக்குக் கூப்பிட்டிருந்தார்கள். ஊசியோடு போய் நின்றாள். பெரிய மருமகள் கண்ணுக்கு மை அப்பிக்கொண்டு, கணவனாக நடிப்பவரைப் பார்த்து ஒரு புருவத்தைத் தூக்கினாள். "நாம ரெண்டு பேர் மட்டும்தான் இருக்கோம். ஆனா இந்த வீடு காலியா இருக்குன்னு எனக்கு ஒருநாளும் தோணினதில்ல!" என்று சொல்லிவிட்டுச் சிரித்தாள். இயக்குநர் இடியைக் கேட்டார். இடி போட்டார்கள். காமிரா அவள் முகத்துக்கு மூன்று முறை கிட்டே போய் வந்தது. மாமியார் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சோபாவில் சரிந்தார்.

"கட்! பிரமாதம்!" என்றார் தலைவர். "என்ன கொடூரமான வசனம்! கேட்ட உடனே எனக்கே அவளை அறையணும்போல இருக்கு."

வயித்தக்காவின் கையிலிருந்த ஊசி விரலில் ஏறியது. நேராக மூன்றாம் மாடிக்குப் போனாள்.

அங்கே வசனம் எழுதுகிற அக்கா இருந்தாள். பத்து வருஷப் பழக்கம்; மத்தியானச் சாப்பாடு இருவருக்கும் ஒரே மேஜையில்தான். அவள் ஒரு கையால் தாயின் பிரிவைப் பற்றிய வசனத்தைத் தட்டச்சு செய்துகொண்டே மறுகையில் தொலைபேசியைப் பிடித்திருந்தாள். "ஜுரம்னா மாத்திரை போட்டுக்கிட்டுப் படும்மா. அம்மா முக்கியமான வேலையில இருக்கேன், வை" என்று சொல்லி வைத்தாள்.

"அக்கா, எனக்குத் தெரியாம எங்கேயாவது நான் உளறியிருக்கேனா? அந்த வசனம் உனக்கு எங்கேர்ந்து கிடைச்சுது?"

"எந்த வசனம்? ஓ, வீடு காலியா இல்லங்குறதா? அது என்னோடது இல்லம்மா. எனக்கு அவ்வளவு நல்லா வராது." வசனக்கா இழுப்பறையைத் திறந்தாள். "கணவரின் கண்ணீர்னு ஒரு போட்டி வச்சாங்கல்ல, அதுக்கு வந்த கடிதம். முதல் பரிசு இதுக்குத்தான்."

கணவரின் கண்ணீர் பற்றி அவளுக்கும் தெரியும். குழந்தைக்காக ஏங்கும் கணவர்கள் பெயர் போடாமல், உறைமேல் முகவரி மட்டும் போட்டு எழுதலாம். சிறந்த கடிதம் தொடரில் காட்சியாகும். எழுதியவருக்கு நிலையத்தின் சின்னம் பொறித்த தொட்டில் ஒன்று வீடு தேடி வரும்.

கடிதத்தில் பெயர் இல்லை. மேலே தேதி இருந்தது. அதற்குக் கீழே நேரம். சதுரம் சதுரமான எழுத்து. என் மனைவி கெட்டவள் இல்லை, அவளுக்குக் குழந்தை வேண்டாம், அவ்வளவுதான் என்று தொடங்கியது. சுவருக்கு வண்ணம் அடித்த நாள் வந்தது. அவள் சொன்னது ஒரு எழுத்துப் பிசகாமல் வந்தது. "அன்று நான் எனக்கும்தான் என்று சொன்னேன். அது பொய்" என்று ஒரு வரி தனியாக நின்றது. கடைசியில் 'சரிபார்க்கப்பட்டது', ஒரு சரிக்குறி.

"என்னடி, முகம் ஏன் இப்படிப் போச்சு?"

"ஒண்ணுமில்ல அக்கா. இந்தத் தொட்டில் எப்ப போகுது?"

"இப்பதான் வண்டி கிளம்பிச்சு. தலைவரே போறாரு."

அவள் பேருந்து பிடித்து வீட்டுக்கு வந்து சேர்ந்தபோது தொட்டில் இரண்டாம் மாடி வரை ஏறியிருந்தது. லிஃப்ட் இல்லாததால் நான்கு பேர் அதைத் தூக்கிக்கொண்டு மூச்சு வாங்கினார்கள். படி குறுகல். முந்திப் போக இடமில்லை. தன் வீட்டுக்குப் போகும் தொட்டிலுக்குப் பின்னாலேயே, அது நிற்கும்போது நின்று, நகரும்போது நகர்ந்து, இரண்டு மாடி ஏறினாள். காமிராக்காரர் திரும்பிப் பார்த்து, "அட, வயித்தக்கா! நீங்க இந்தக் கட்டடத்துலயா இருக்கீங்க? எந்த வீடு?" என்று கேட்டார்.

"நீங்க போற வீடுதான்."

கணவர் சலவைச் சட்டை போட்டுக்கொண்டு கதவைத் திறந்தார். தொட்டிலைப் பார்த்துச் சிரித்தவர், அதற்குப் பின்னால் அவளைப் பார்த்ததும் அப்படியே நின்றார். அவள் ஏழு மணிக்குத்தான் வருவாள் என்று நினைத்திருந்தார். தலைவருக்கு விஷயம் புரிய ஒரு நிமிஷம் ஆனது. புரிந்ததும் இரண்டு கைகளையும் விரித்தார்.

"நம்ம குடும்பத்துக்குள்ளேயேவா! இத்தனை வயிறு தைச்ச கைக்கு ஒரு வயிறு வேணும்னு தோணலையாம்மா? சரி சரி, கவலைப்படாதே. குழந்தை வேண்டாம்னு ஒரு பொண்ணு சொன்னா அதை நான் நம்பவே மாட்டேன். அவளுக்கு இன்னும் சரியான பின்னணி இசை கிடைக்கல, அவ்வளவுதான்."

கூடம் சின்னது. தொட்டில் வைக்க இடம் போதாமல், அங்கே இருந்த இரண்டு நாற்காலிகளில் ஒன்றை வெளியே மாடிப்படியில் கொண்டுபோய் வைத்தார்கள். அது அவளுடைய நாற்காலி. அவளைக் காமிராவில் காட்டலாமா என்று பேச்சு வந்தது. முகம் வேண்டாம், பார்ப்பவர்களுக்குக் கோபம் வரும், தொட்டிலை ஆட்டுகிற கை மட்டும் போதும் என்றார் தலைவர். கையையும் பார்த்தார்கள். ஊசி ஏறிய விரலில் ரத்தம் காய்ந்திருந்தது. அதனால் பக்கத்து வீட்டுப் பெண்ணின் கையை வாங்கிக்கொண்டார்கள்.

பிறகு கணவரை விளக்கு வெளிச்சத்தில் உட்காரவைத்து, மனைவியிடம் என்ன சொல்ல விரும்புகிறீர்கள் என்று கேட்டார்கள். அவர் காமிராவைப் பார்த்துப் பேசினார். பேசாத மனிதர் கால் மணி நேரம் பேசினார். லிஃப்டில் பள்ளிக்கூடப் பிள்ளைகளோடு ஏறும்போது தனக்கு என்ன ஆகிறது என்று சொன்னார். தொலைக்காட்சியில் சின்ன மருமகள் வயிற்றைத் தடவும்போதெல்லாம் எழுந்து சமையலறைக்குப் போய்விடுவதைச் சொன்னார். தண்ணீர் குடிக்கப் போகிறார் என்றுதான் அவள் இத்தனை நாளும் நினைத்திருந்தாள். எல்லாம் நல்ல வார்த்தைகள். ஒன்றைக்கூட அவள் இதற்கு முன் கேட்டதில்லை. அவள் காமிராவுக்குப் பக்கத்தில், அவர் கண்ணிலிருந்து இரண்டு அடி தள்ளி நின்றுகொண்டிருந்தாள். அவர் பார்வை ஒரு தடவைகூட அந்த இரண்டு அடியைத் தாண்டவில்லை.

எல்லோரும் இறங்கிப் போன பிறகு வீட்டில் தொட்டிலும் ஒரு நாற்காலியும் அவர்கள் இரண்டு பேரும் இருந்தார்கள்.

"கோவமா?" என்றார் அவர்.

"என்கிட்ட சொல்லியிருக்கலாமே."

"எப்படிச் சொல்றது? நீ சந்தோஷமா இருந்தே. சொன்னா அது போயிடுமோன்னு பயமா இருந்துச்சு. தொடர்ல வந்தா நீயே பார்த்து, நீயே யோசிச்சு..."

"அதனால ஊருக்குச் சொன்னீங்க."

"பேர் போடலையே."

"வேணும்னு கேட்டிருந்தா நான் சண்டை போட்டிருப்பேன். அழுதிருப்பேன். முடியாதுன்னு சொல்லியிருப்பேன். ஒருவேளை சரின்னுகூடச் சொல்லியிருப்பேன், எனக்கே தெரியாது. நீங்க கேட்கவே இல்லையே. நான் உங்ககிட்ட ஆசையா சொன்னதை எடுத்து ஒரு வில்லி வாயில போட்டுட்டீங்க. கேட்டவங்க எல்லாம் அவளை அறையணும்னு சொல்றாங்க. நீங்களும் அப்படித்தான் நினைச்சீங்களா, அந்த சுவர்கிட்ட நின்னுக்கிட்டு?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார்.  அவள் மெதுவாகச் சொன்னாள். "நீங்க இங்கேயேதான் உக்காந்திருக்கீங்க. ஆனா இன்னிக்குத்தான் எனக்கு வீடு காலியா இருக்கு."

அவர் அழுதார். தப்புத்தான் என்றார். இனிமேல் செத்தாலும் ஒரு வரி எழுத மாட்டேன் என்று அவள் கையைப் பிடித்துச் சத்தியம் செய்தார். அவள் வெளியே போய்த் தன் நாற்காலியை எடுத்து வந்து, தொட்டிலுக்கும் சுவருக்கும் இடையில் கிடைத்த சந்தில் போட்டு உட்கார்ந்தாள். அவளுக்கு ஆறவில்லை. ஆனாலும் அழுதாரே என்று இருந்தது. அவரை நம்புவது பத்து வருஷப் பழக்கம். அது ஒரே சாயங்காலத்தில் விட்டுப்போகிற பழக்கமா?

அடுத்த வாரம் தரக் குழு பெரிய மருமகளைத் திருத்துவது என்று முடிவு செய்தது. திருந்தினால் கர்ப்பம், அதுவும் அவள் பாவத்துக்கு ஈடாக எடுத்த எடுப்பிலேயே ஒன்பதாம் மாதம். இடைப்பட்ட மாதங்களைப் பற்றி யாரும் கேட்டால் மனம் திருந்திய வேகம் என்று சொல்லிக்கொள்ளலாம் என்றார் தலைவர். புதிதாக, பெரிதாக, ஒன்பதாம் எண்ணில் ஒரு வயிறு தைக்கச் சொல்லி உத்தரவு வந்தது.

வயித்தக்கா மூன்று நாள் தைத்தாள். பழக்க தோஷத்தில் உள்ளே பையும் வைத்தாள். நான்காம் நாள் காலை, உடை எப்படி இருக்க வேண்டும் என்று பார்த்துக்கொள்வதற்காகக் காட்சித்தாள் வந்தது. படித்தாள்.

பெரிய மருமகள் தொட்டிலைப் பார்க்கிறாள். வெளியே மழை. கணவன் காலில் விழுந்து சொல்கிறாள்: "நீங்க இங்கேயேதான் உக்காந்திருக்கீங்க. ஆனா இன்னிக்குத்தான் எனக்கு வீடு காலியா இருக்கு. எனக்கு ஒரு குழந்தை வேணும்!"

கடைசி வாக்கியம் மட்டும் அவளுடையது இல்லை.

காட்சித்தாளோடு அவள் மூன்றாம் மாடிக்கு ஏறினாள். வசனக்கா அவளைப் பார்த்ததும் எழுந்து நின்றாள். கேட்காமலே இழுப்பறையைத் திறந்தாள்.

"எனக்கு அன்னிக்கே புரிஞ்சு போச்சு, அது உன் வீட்டுக் கடிதம்னு. இந்த ரெண்டாவது வந்தப்ப நான் எழுத மாட்டேன்னுதான் சொன்னேன்மா. அவங்க விடல. என் பேர்லயும் தப்பு இருக்கு."

அவள் கடிதத்தை முழுதும் படிக்கவில்லை. 'என் மனைவி மனம் மாறத் தொடங்கிவிட்டாள் என்று நினைக்கிறேன்' என்ற முதல் வரி வரைக்கும்தான் படித்தாள். மேலே இருந்த தேதியைப் பார்த்தாள். அவர் கையைப் பிடித்துச் சத்தியம் செய்ததற்கு மறுநாள். நேரம் காலை எட்டேகால். அவள் பேருந்து ஏறிப் பதினைந்து நிமிஷம்கூட ஆகியிருக்காது. கடைசியில் சரிபார்க்கப்பட்டிருந்தது.

"நீ உக்காரும்மா. தண்ணி குடி" என்றாள் வசனக்கா.

"உம் பொண்ணுக்கு ஜுரம் விட்டுருச்சா?" என்று கேட்டாள் வயித்தக்கா. வசனக்காவுக்கு அது தெரியவில்லை.

கீழே வந்து அறைக் கதவைச் சாத்திக்கொண்டு அவள் முதலில் நன்றாக அழுதாள். விதி எண் எதுவும் பொருந்தாத அழுகை, மூக்கெல்லாம் ஒழுகியது. பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு ஒன்பதாம் எண்ணை மடியில் எடுத்து வைத்தாள். முதுகுத் தையல் மட்டும் பாக்கி. கைப்பையைத் திறந்து வீட்டுச் சாவியை எடுத்தாள். இரும்புச் சாவி, கூடவே லிஃப்ட் வேலைக்கான ஒரு பழைய பித்தளைத் துண்டு, அவர் அவளுக்காக வளையம் போட்டு மாட்டிக் கொடுத்தது. இரண்டையும் சேர்த்து உள்பையில் போட்டாள். வாயை இழுத்து மூடி, இரட்டை நூலில், நெருக்கு நெருக்காகத் தைத்தாள்.

பத்து மணிக்குப் பெரிய மருமகள் வந்து வயிற்றை மாட்டிக்கொண்டாள். இரண்டு எட்டு வைத்தவள் நின்றாள்.

"அக்கா, உள்ள என்னமோ இருக்கு. நடந்தா குத்துது."

"இருக்கட்டும்மா."

"இடுப்பை இழுக்குது அக்கா."

"இழுக்கும். கையை இடுப்புல வச்சுக்கோ."

மழையைத் திறந்துவிட்டார்கள். பெரிய மருமகள் இடுப்பில் கை வைத்து, உதட்டைக் கடித்துக்கொண்டு, ஒரு பக்கமாகச் சாய்ந்து சாய்ந்து தொட்டிலை நோக்கி நடந்தாள். தலைவர் திரையில் அதைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"பாருங்கய்யா! இப்பதான் நடையில தாய்மை தெரியுது. அந்தம்மா கைல என்னமோ இருக்குய்யா. இந்த வயித்தை எத்தனை வருஷம் ஆனாலும் பிரிக்கக் கூடாது, சொல்லிட்டேன்."

பிரிக்க மாட்டார்கள் என்று அவளுக்கும் தெரியும். கத்தரிக்கோல், அளவு நாடா, ஊசிப் பெட்டி மூன்றையும் பையில் போட்டுக்கொண்டாள். ஒப்பனைக்காரியின் வீட்டுக்குப் போகிற பேருந்து எந்தப் பக்கம் நிற்கும் என்று காவலாளியிடம் கேட்டுக்கொண்டு தெருவைக் கடந்தாள்.